பெரியப்பா அடித்துவிட்ட பதில்

அந்த நோட்டுப் புத்தகம் இன்னும் என்னிடம் இருக்கிறது. அட்டை போய்விட்டதால் ஆண்டு தெரியவில்லை. நான் ஐந்தாம் வகுப்பில் இருந்தேன் என்பதை வைத்துப் பார்த்தால் 1969 அல்லது 1970. இரண்டில் எது என்று உறுதியாகச் சொல்ல வேறு சான்று இல்லை. மாதத்தையும் கிழமையையும் மட்டும் ஒவ்வொரு பக்கத்திலும் விடாமல் குறித்திருக்கிறேன். அந்த வயதிலேயே எனக்கு அந்தப் பழக்கம் இருந்தது.

நோட்டு முழுக்கப் பெரியப்பாதான். எங்கள் தெருவில் யாருக்கு என்ன சந்தேகம் வந்தாலும் அவரிடம் வந்து கேட்பார்கள். கேள்வியையும் அவர் சொன்ன பதிலையும் நான் எழுதி வைப்பேன். கோர்ட்டு நோட்டீசு, கன்றுக்குட்டியின் கழிச்சல், வாலாஜாபாத்தில் பெண் எடுக்கலாமா, அமெரிக்கா எந்தத் திசையில் இருக்கிறது, எல்லாவற்றுக்கும் பதில் இருந்தது. ‘தெரியாது’ என்று ஒரு பதிலை நான் எழுதியதே இல்லை. எதிர்வீட்டுப் பையனிடம் இதை நான் பலமுறை நிரூபித்திருக்கிறேன்.

பதில்கள் எல்லாம் பலித்தன என்று சொல்ல முடியாது. வியாழக்கிழமை மழை வரும் என்றார் ஒருமுறை. அதை நம்பிய பக்கத்துத் தெருக்காரர் ஒருவர் அன்றைக்குத் தெருவில் தறிக்கான பாவு நூலை விரிக்கவில்லை. வெயில் கொளுத்தியது. மழை சனிக்கிழமை காலை, பாவை விரித்த பிறகு வந்தது. அவர் சண்டைக்கு வந்தார்.

“வியாழக்கெழமயே கெளம்பிடுச்சுப்பா. வந்து சேர லேட்டாயிடுச்சு. அதுக்கு நான் என்னா பண்றது?” என்றார் பெரியப்பா.

அதையும் எழுதியிருக்கிறேன்.

சேலைக் கரையில் வரும் அன்னத்தையும் யாளியையும் கட்டம் போட்ட தாளில் புள்ளி புள்ளியாக வரைந்து கொடுப்பது அவர் தொழில். அதைப் பார்த்துத்தான் தறிக்கான அட்டைகளில் துளை போடுவார்கள். ஒரு கட்டம் பிசகினால் சேலையில் அன்னத்துக்கு மூன்று கால் முளைத்துவிடும். அந்தத் தாளின் முன்னால் உட்கார்ந்திருக்கும்போது மட்டும் அவர் வேறு ஆள். “இந்தப் பூ அந்தக் கரைக்கு அடங்குமா?” என்று யாராவது கேட்டால், நிமிராமல், தாழ்ந்த குரலில், “தெரியல. எண்ணிப் பாத்துதான் சொல்லணும்” என்பார். அவை தொழில் சம்பந்தமானவை என்பதால் நான் நோட்டில் சேர்க்கவில்லை.

ஐப்பசி மாதம், செவ்வாய்க்கிழமை. கூடத்தில் உட்கார்ந்து தார்க்குச்சியில் பட்டு சுற்றிக்கொண்டிருந்த சித்தியின் தலையில் பல்லி விழுந்தது. சித்திக்கு அப்போது ஏழாம் மாதம். அது இரண்டாவது பேறு. முதல் குழந்தை பிறந்து ஒரு நாள்கூட இருக்கவில்லை. அந்தத் தடவை, “சித்திரையில பையன் பொறப்பான், ஒண்ணும் ஆவாது” என்று பெரியப்பா அடித்துச் சொல்லியிருந்தார்.

பல்லி போய்விட்டது. சித்தி எழுந்திருக்கவில்லை. கால் மணி நேரத்தில் தெருப் பெண்கள் எல்லாரும் கூடத்தில் இருந்தார்கள்.

“வகிட்டுக்கு இந்தப் பக்கமா, அந்தப் பக்கமா?” என்றாள் எதிர்வீட்டு அத்தை.

“நடுவுல” என்றாள் சித்தி.

“நடுவுலயா? சரியா ரோசன பண்ணிச் சொல்லுமா. ஒரு விரக்கட தள்ளி இருந்தாக்கூடப் பலன் வேற.”

என்னைப் பஞ்சாங்கம் படிக்கச் சொன்னார்கள். எங்கள் வீட்டுப் பஞ்சாங்கத்தில் தலைக்குக் கலகம் என்று இருந்தது. எதிர்வீட்டு அத்தை ஓடிப்போய்த் தன் வீட்டுப் பஞ்சாங்கத்தைக் கொண்டுவந்தாள். அதில் உறவுக்குக் கேடு என்று இருந்தது. நான் இரண்டையும் உரக்க, பிழையில்லாமல் படித்தேன். பெரியம்மா என் தலையில் ஒரு குட்டு வைத்தாள். எதற்கு என்று அப்போது விளங்கவில்லை.

“எங்க மாமியாருக்கும் விழுந்துது. ராஜாவாட்டம் புள்ள பொறந்தான்” என்றாள் ஒருத்தி.

“அது தோள்லடி, அதான் அப்படி” என்றாள் இன்னொருத்தி.

இதற்குப் பரிகாரம் எங்கள் ஊரிலேயே இருக்கிறது. சின்னக் காஞ்சிபுரத்துக் கோயில் விதானத்தில் இருக்கும் தங்கப் பல்லியையும் வெள்ளிப் பல்லியையும் படியேறித் தொட்டால் தோஷம் போய்விடும். ஏழு மாதக்காரியைப் படி ஏற்ற முடியாது. ஆனால், தொட்டவரைத் தொட்டாலும் போதும் என்பது வழக்கம். அதனால் மறுநாள் பெரியம்மா என்னை அழைத்துக்கொண்டு போனாள். நான் இரண்டையும் தொட்டேன். “வீடு போற வரைக்கும் அந்தக் கை யார் மேலயும் படக்கூடாது” என்றாள் பெரியம்மா. வலது கையை மூடித் தலைக்கு மேல் தூக்கிக்கொண்டு பஸ்ஸில் நின்றேன். கண்டக்டர், நான் டிக்கெட்டுக்குத்தான் கை நீட்டுகிறேன் என்று நினைத்து, விரல்களைப் பிரித்து டிக்கெட்டை உள்ளே திணித்துவிட்டார். பெரியம்மா பார்க்கவில்லை. நான் சொல்லவும் இல்லை.

சித்தி என் கையைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். ஆனாலும் அன்றும் சரியாகச் சாப்பிடவில்லை. மூன்று வாய்க்கு மேல் இறங்கவில்லை என்று சித்தப்பா தறியை நிறுத்திவிட்டு வந்து சொன்னார். தோஷ நிவர்த்தியைக் கண்டக்டர் வாங்கிக்கொண்டு போய்விட்டார் என்று எனக்குத் தெரியும். இன்னும் ஒரே வழிதான் இருந்தது. பெரியப்பா ஒரு வார்த்தை சொல்லிவிட்டால் போதும்.

வியாழக்கிழமை சாயங்காலம் சித்தியே அவரிடம் வந்தாள். அவர் கட்டத்தாளின் முன்னால் உட்கார்ந்திருந்தார். நான் நோட்டோடு தயாராக இருந்தேன். எதிர்வீட்டுப் பையனும் வாசற்படியில் நின்றான்.

“மாமா, போன தடவ ஒண்ணும் ஆவாதுன்னு சொன்னீங்க” என்றாள் சித்தி. சண்டை போடுகிற குரல் இல்லை. “ஆளாளுக்கு ஒண்ணு சொல்றாங்க. நீங்க சொல்லுங்க. இது நல்லபடியா பொறக்குமா?”

பெரியப்பா பென்சிலைக் காதில் செருகினார்.

“தெரியலம்மா” என்றார்.

நான் தலை நிமிர்ந்தேன்.

“போன தடவயும் எனக்குத் தெரியாதும்மா. தெரிஞ்ச மாதிரி சொல்லிட்டேன். தப்பு.” பிறகு, “காலையில ஆஸ்பத்திரிக்குப் போவலாம். டாக்டரம்மா கையி வச்சிப் பாத்து, தெரிஞ்ச வரைக்கும் சொல்லுவாங்க. தெரியாததத் தெரியலம்பாங்க. நான் கூட வரேன், வா” என்றார்.

சித்தி முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். போச்சு, எல்லாம் கெட்டது என்று நான் நினைத்தேன். அழுது முடித்து மூக்கைத் துடைத்துக்கொண்டு, உள்ளே பார்த்து, “அக்கா, ரசம் இருக்குதா?” என்றாள்.

எதிர்வீட்டுப் பையன் வாசலில் குதித்தான். “தெரியலியாமே! உங்க பெரியப்பாவுக்குத் தெரியலியாமே!”

அவனைத் துரத்திவிட்டு வந்து, நோட்டைத் திறந்து, நல்ல கையெழுத்தில் எழுதினேன். வியாழக்கிழமை. கேள்வி: சித்திக்குக் குழந்தை நல்லபடியாகப் பிறக்குமா? பதில்: பிறக்கும்.

மறுநாள் ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். அதற்கடுத்த வாரமும் போனார்கள். பிறகு வாராவாரம் பெரியப்பா ஒரு குடையோடு சித்திக்கு முன்னால் பத்தடி தள்ளி நடந்துபோவது வழக்கமாகிவிட்டது. டாக்டரம்மா என்ன சொன்னார் என்பது நோட்டில் இல்லை. யாரையும் கேட்காமல் விட்டிருக்கிறேன். மார்கழிக் கடைசியில், ஒரு திங்கட்கிழமை, தங்கச்சி பிறந்தாள். அழுகை தெருமுனை வரைக்கும் கேட்டது.

குழந்தையை வீட்டுக்குக் கொண்டுவந்த அன்று எதிர்வீட்டுப் பையனை அழைத்து அந்தப் பக்கத்தைக் காட்டினேன். அவன் இரண்டு தடவை படித்துப் பார்த்துவிட்டுப் போனான். அந்தச் சூட்டோடு பெரியப்பாவிடமும் நோட்டை நீட்டினேன். இத்தனை நாளில் அவர் சொன்னவற்றில் இவ்வளவு கச்சிதமாகப் பலித்தது இது ஒன்றுதான் என்று அவருக்குத் தெரியவேண்டாமா?

அவர் படித்தார். என்னைத் திட்டவில்லை. காதில் இருந்த பென்சிலை எடுத்து, ‘பிறக்கும்’ என்பதன் மேல் ஒரே ஒரு கோடு போட்டார். அதன் பக்கத்தில், கட்டத்துக்குள் எழுதுவதுபோலச் சின்னச் சின்ன எழுத்தில், ‘தெரியாது’ என்று எழுதிக் கையில் கொடுத்தார்.

குழந்தை தூளியில் கிடக்கிறது. பதில் சரி என்று ஊரே பார்த்துவிட்டது. இனிமேல் போய் யாராவது அதை அடிப்பார்களா? ஒரு வாரம் நான் அவரோடு பேசவில்லை.