விமலா டீச்சரின் விளையாட்டு அறை

விமலா டீச்சர் இல்லை. இதை அவள் எடுத்துச் சொல்லாத பெற்றோர் சுங்கை பெசார் வட்டாரத்தில் கிடையாது. "நான் டீச்சர் இல்லீங்க. பிள்ளைங்க மனசுக்கு வைத்தியம் பாக்கறவ" என்பாள். "ஓ, அப்படிங்களா டீச்சர்?" என்பார்கள். பிள்ளையின் முதுகில் புத்தகப் பை தொங்கும். வீட்டுப்பாடம் உண்டா, பரீட்சைக்குள் குணமாகிவிடுமா என்று வாசலிலேயே கேள்விகள் ஆரம்பிக்கும். விமலா பல்லைக் கடித்துக்கொண்டு பையைக் கழற்றி வெளியே வைத்துவிட்டுப் பிள்ளையை மட்டும் உள்ளே அழைத்துப் போவாள்.

உள்ளே போனால் பெரியவர்களுக்கு இன்னும் குழப்பம். கிளினிக்குக்கு மேல்மாடியில் ஒரே ஒரு அறை. தரையில் பாய், மணல் நிரப்பிய தொட்டி, மரத்தில் செய்த பொம்மை வீடு, கூடை நிறைய பொம்மை மனிதர்கள், கார், லோரி, வேன், பிசைந்து விளையாடும் களிமண். கரும்பலகை இல்லை. மருந்து இல்லை. ஊசி இல்லவே இல்லை. பிள்ளை விளையாடும், விமலா பக்கத்தில் சம்மணம் போட்டு உட்கார்ந்து பார்ப்பாள். "லோரி கவுந்திருச்சு", "குட்டிப் பாப்பா கட்டிலுக்கு அடியில ஒளிஞ்சுக்கிச்சு" என்று கண்ணில் பட்டதைச் சொல்வாள். கேள்வி கேட்க மாட்டாள், புத்தி சொல்ல மாட்டாள். பெரியவர்கள் வாயால் சொல்லி ஆற்றுவதைப் பிள்ளைகள் பொம்மையால் சொல்லி ஆற்றிக்கொள்கிறார்கள் என்பதுதான் அவள் படித்த படிப்பின் சாரம். இதைப் புரியவைப்பதற்குள் அவளுக்குத் தொண்டைத் தண்ணீர் வற்றிவிடும்.

"கேக்காம எப்படிங்க டீச்சர் தெரியும்? ரெண்டு போடு போட்டா கக்கிட்டுப் போவுது" என்று ஒருவர் சொன்னார். விமலாவைப் பெற்ற அப்பாவே அவளைப் பற்றிச் சாப்பாட்டுக் கடையில் சொல்வது வேறு மாதிரி. கோலசிலாங்கூர் பக்கம் தோட்டத்தில் ஆட்களை மேய்க்கும் மண்டோராக இருந்து ஓய்வு பெற்றவர் தங்கராஜு. "எம் பொண்ணு டிகிரி முடிச்சிட்டுப் பிள்ளைங்களோட கூட்டாஞ்சோறு ஆக்கி விளையாடிக்கிட்டு இருக்கா லா. அதுக்கும் ஆள் வருதுங்க, என்னத்தச் சொல்ல" என்பார். பெருமையா கேலியா என்று அவருக்கே தெரியாது. விமலா அதைக் கேட்டுச் சிரிக்கவும் மாட்டாள், கோபிக்கவும் மாட்டாள். அவளுடைய கோபமெல்லாம் வாடிக்கைக்காரர்களுக்கே போதவில்லை. பிள்ளைகளிடம் அவள் பூமாதேவி; பெரியவர்கள் வாயைத் திறந்தால் பத்ரகாளி.

துளசியைக் கூட்டி வந்த நாளிலும் அப்படித்தான். தொடக்கப் பள்ளியில் இரண்டாம் ஆண்டு படிக்கிற பிள்ளை. நல்ல துறுதுறுப்பான கண், நெற்றியில் சாந்து, இரட்டைப் பின்னல். தீபாவளிக்கு முந்தைய வாரம் பேச்சை நிறுத்தியவள்தான். வீட்டிலும் இல்லை, பள்ளியிலும் இல்லை, ஒரு சொல் கிடையாது. காதில் குறையில்லை, நாக்கில் குறையில்லை என்று மருத்துவர்கள் சொல்லிவிட்டார்கள். பேச்சு வராவிட்டால் அடுத்த ஆண்டு சிறப்புக் கல்வி வகுப்புக்கு மாற்ற வேண்டியிருக்கும் என்று பள்ளியிலும் சொல்லிவிட்டார்கள். அம்மா நவமணி அதைச் சொல்லும்போது தூக்குத் தண்டனையைச் சொல்வதுபோல் சொன்னாள்.

நவமணி தோட்டத்து நாற்றுப் பண்ணையில் வேலை செய்கிறவள். கூட வந்தவர் அவள் அண்ணன் புவனேசன், எண்ணெய் எடுக்கும் செம்பனைக் குலை ஏற்றும் லோரி ஓட்டுகிற ஆறடி ஆள். அதுவரை செய்ததையெல்லாம் அண்ணனும் தங்கையுமாக ஒப்பித்தார்கள். முனீஸ்வரர் கோவிலில் கயிறு கட்டினார்கள். நாக்கில் தேன் தடவினார்கள். வேறோர் ஊரில் ஒரு நிபுணர், ஒரு வார்த்தை பேசினால் ஒரு நட்சத்திரம் ஒட்டச் சொல்லி அட்டை கொடுத்தார். அட்டை வெறுமையாகவே ஐஸ் பெட்டிக் கதவில் தொங்கியது. இன்னொருவர் குடும்பமே வட்டமாக உட்கார்ந்து மனம் விட்டுப் பேச வேண்டும் என்றார். "நாங்க வட்டமாதான் உக்காந்தோம் டீச்சர். யாருக்கும் பேச்சு வரல" என்றார் புவனேசன்.

"பிள்ளையோட அப்பா?" என்று கேட்டாள் விமலா.

"சிங்கப்பூர்ல வேலை" என்றாள் நவமணி. நெற்றியில் பளிச்சென்று சிவப்புப் பொட்டு. விமலா அதை அப்படியே நம்பினாள். அப்பாவை நினைத்து ஏங்குகிற பிள்ளை என்று தோன்றியது. முகம் பார்த்துப் பேசுகிற மாதிரி போனில் அழைத்துக் கொடுங்களேன் என்றுகூடச் சொன்னாள். "அங்க லைன் சரியில்ல டீச்சர்" என்றாள் நவமணி. சிங்கப்பூரில் லைன் சரியில்லையாம்! அன்றைக்கு விமலா அதையும் வாயை மூடிக்கொண்டு விழுங்கிவிட்டாள்.

துளசிக்கு அந்த அறை பிடித்திருந்தது. வந்தவுடன் பொம்மை வீட்டுக்குப் போவாள். ஓர் அம்மா பொம்மை, ஒரு சின்னப் பெண் பொம்மை, ஒரு மஞ்சள் வேன். சிவப்புக் களிமண்ணில் ஒரு துளி கிள்ளி உருட்டி அம்மா பொம்மையின் நெற்றியில் வைப்பாள். பெண் பொம்மை வேனில் ஏறிப் புறப்பட்டதும் அந்தத் துளியைப் பிய்த்துவிட்டு அம்மாவைக் குப்புறப் படுக்கவைப்பாள். வேன் திரும்பி வரும் நேரத்தில் அம்மாவை எழுப்பி, துளியை மறுபடி வைப்பாள். ஒவ்வொரு முறையும் இதேதான். சில நாள் வேன் பாதி வழியிலேயே திரும்பும். பெண் பொம்மை இறங்கி வாசலில் நின்று, குப்புறக் கிடக்கும் அம்மாவைப் பார்த்துவிட்டு, சத்தமில்லாமல் வேனில் போய் ஏறிக்கொள்ளும். அந்த இடம் வரும்போது துளசி மூச்சைப் பிடித்துக்கொள்வாள். "பாப்பா பாத்துடுச்சு. ஒண்ணும் சொல்லல" என்பாள் விமலா. துளசி தலையை ஆட்டுவாள். சொல்ல வருவது பெரிய விஷயம் என்று விமலாவுக்குத் தெரிந்தது. என்ன விஷயம் என்றுதான் பிடிபடவில்லை.

கதவைத் திறந்தவுடன் படையெடுப்பு. "என்னா சொன்னா? எதாச்சும் சொன்னாளா?" என்று நவமணி. "அப்பா பத்திப் பேசினாளா?" என்று புவனேசன். உள்ளே நடப்பது பிள்ளைக்குச் சொந்தம், வெளியே சொல்ல மாட்டேன் என்று விமலா சொல்வாள். அவர்கள் உடனே துளசியிடம் திரும்புவார்கள். "டீச்சர்கிட்ட ஒரே ஒரு வார்த்த பேசினா மாமா ஐஸ் கிரீம் வாங்கித் தர்றேன்." விமலாவுக்குத் தலையைச் சுவரில் முட்டிக்கொள்ளலாம் போல் இருக்கும். உள்ளே ஒரு மணி நேரம் பாடுபட்டு அவிழ்த்த முடிச்சை இவர்கள் படிக்கட்டில் வைத்தே இறுக்கிவிடுவார்கள்.

ஒருநாள் புவனேசன் மட்டும் வந்தார். லோரியை ஓரமாக நிறுத்திவிட்டுத் தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றார்.

"டீச்சர், வர்ற சனிக்கிழமை காலையில பிள்ளைக்கு ஒரு எக்ஸ்ட்ரா கிளாஸ் வெச்சுக்கிறீங்களா? பள்ளிக்கூடம் லீவு பாருங்க. வீட்டுல கொஞ்சம் வேலை. அவ இருந்தா சரிப்படாது லா."

"கிளாஸ் இல்லீங்க இது. என்ன வேலை?"

"மச்சானுக்கு வருஷத் திதி. ஐயர் ஒம்போது மணிக்கே..." சொல்லிக்கொண்டே வந்தவர் சட்டென்று நாக்கைக் கடித்தார். கடித்து என்ன செய்ய? வார்த்தை விழுந்தாகிவிட்டது. புவனேசனுக்கு நவமணி ஒரே தங்கை. அவருக்கு இருந்தது ஒரே மச்சான்.

விமலா எழுந்துவிட்டாள். "துளசி அப்பாவுக்கா?"

அவர் தலையைக் குனிந்தார். திவாகரன் ஜெராம் சாலையில் மோட்டோ சைக்கிளிலிருந்து விழுந்து இறந்து வருஷமாகப் போகிறது. அன்றைக்கே துளசியை உறவினர் வீட்டுக்கு அனுப்பிவிட்டு எல்லாக் காரியத்தையும் முடித்தார்கள். சின்னப் பிள்ளை தாங்காது, அப்பா சிங்கப்பூர் போய்விட்டார் என்று சொல்வோம் என்று முடிவெடுத்தார்கள். தோட்டத்து வீட்டு வரிசையான லயத்தில் ஒரு வீடு பாக்கியில்லாமல் எல்லாரும் அதற்கு ஒத்துக்கொண்டார்கள். குழாயடியில் ஒன்றுக்குப் பத்தாகப் பேசும் சனம் இந்த ஒரு பொய்யை மட்டும் வருஷம் முழுக்கக் கட்டிக் காத்திருக்கிறது.

"எங்கிட்டயுமா மறைக்கணும்?" என்று விமலா கத்தினாள். கீழே கிளினிக்கில் இருந்தவர்கள் நிமிர்ந்து பார்த்திருப்பார்கள். "வயித்து வலிக்கு டாக்டர்கிட்டப் போயி கால் வலிக்குதுன்னு சொல்லுவீங்களா?"

"நீங்க வாய் தவறிப் பிள்ளைகிட்டச் சொல்லிட்டா... அதுக்குத்தான் டீச்சர்."

வாய் தவறியது யார் என்று விமலா கேட்கவில்லை. அந்த ஆளைப் பார்த்தால் அதற்குமேல் தாங்கமாட்டார் போல் இருந்தது.

மறுநாள் நவமணியை வரச் சொன்னாள். துளசி பள்ளியில் இருக்கும் நேரம். நவமணி வேலை உடுப்போடு படியேறி வந்தாள். நெற்றி வெறுமையாக இருந்தது. விமலா அந்த நெற்றியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"பிள்ளை இருந்தா மட்டும்தான் வெச்சுக்குவேன் டீச்சர்" என்றாள் நவமணி. "வேன் போனதும் எடுத்துடுவேன். அப்பத்தான் எனக்கு அழறதுக்கும் நேரம். கொஞ்ச நேரம் படுத்துக் கிடந்துட்டு மூஞ்சியக் கழுவிக்கிட்டு வேலைக்கு ஓடிடுவேன். வேன் வர்றதுக்குள்ள வந்து பொட்ட ஒட்டிக்குவேன். புருஷன் செத்தவ பொட்டு வெக்கலாமான்னு லயத்துல ஒருத்திகூட கேக்கல. பிள்ளைக்காகன்னு அவங்களுக்கும் தெரியும். பாவமா டீச்சர் இது?"

"பொட்டு வெக்கறதும் எடுக்கறதும் உங்க இஷ்டம். அதுல ஒரு பாவமும் இல்ல" என்றாள் விமலா. "வேன் எப்பவாச்சும் பாதியில திரும்பி வந்திருக்கா?"

நவமணி யோசித்தாள். "ஒரே ஒரு தடவ. காலுக்குப் போடற விளையாட்டுச் சப்பாத்த மறந்துட்டுப் போயிட்டா. வாசல்லதான் கெடந்துச்சு, அவளே எடுத்துக்கிட்டு ஓடிட்டா. ஹாரன் சத்தம்தான் எனக்குக் கேட்டுச்சு. ஏன் டீச்சர்?"

"எப்போ?"

"தீபாவளிக்கு முந்தின வாரம்."

சொல்லிவிட்டு நவமணி சாதாரணமாக உட்கார்ந்திருந்தாள். விமலாவுக்கு எழுந்து போய் அவள் தோளைப் பிடித்து உலுக்க வேண்டும் போல் இருந்தது. ஆனால் பொம்மை வீட்டில் நடந்ததைச் சொல்ல அவளுக்கு உரிமையில்லை. அது துளசி அவளை நம்பிக் காட்டியது. எதிரே உட்கார்ந்திருந்தவளுக்கோ குறிப்பறியும் புத்தி துக்கத்தில் மழுங்கிப் போயிருந்தது.

"அவகிட்ட உண்மையச் சொல்லிடுங்க" என்றாள்.

"ஐயோ, வேணாம் டீச்சர்! இப்பவே பேச்சு போச்சு. இதச் சொன்னா பிள்ளையே போயிடும். எனக்கு இருக்கறது இவ ஒருத்திதான்."

"அவளுக்குத் தெரியும்னு நான் சொல்லல. ஒருவேள ஏற்கெனவே தெரிஞ்சிருந்தா? உங்க மனசு நோகக் கூடாதுன்னு அவளும் வாயப் பூட்டிக்கிட்டு இருந்தா? அப்ப என்ன பண்ணுவீங்க? அதத்தான் கேக்கறேன்."

நவமணி எழுந்து, வாசல்வரை போய், திரும்பி நின்று, "சனிக்கிழமை நானே கூட்டிக்கிட்டு வர்றேன்" என்றாள். திதியைப் பதினோரு மணிக்குத் தள்ளிப்போட ஐயரிடம் சொல்லிவிட்டாளாம். விமலா அவளுக்கு ஒன்றைத்தான் சொல்லிக்கொடுத்தாள். சாமிகிட்டப் போயிட்டார், தூங்குறார் என்றெல்லாம் பூசி மெழுகக் கூடாது. செத்துட்டார் என்றே சொல்ல வேண்டும். "அமங்கலமா இருக்கே டீச்சர்" என்று அதற்கும் ஒரு முனகல்.

சனிக்கிழமை காலை, "அம்மாவும் உள்ள வரட்டுமா?" என்று விமலா துளசியிடம் கேட்டாள். துளசி கொஞ்சம் யோசித்துவிட்டுத் தலையாட்டினாள். பாயில் நகர்ந்து இடம் விட்டாள். நவமணிக்குக் கையை எங்கே வைப்பதென்று தெரியவில்லை. பொட்டும் பட்டுச் சேலையுமாக அந்த மணல் தொட்டிக்குப் பக்கத்தில் விருந்தாளிபோல் உட்கார்ந்திருந்தாள். முதலில் தோட்டத்து நாய்க்குட்டியைப் பற்றிப் பேசினாள். பிறகு பின்னலைச் சரிசெய்தாள். இவள் இன்றைக்கும் சொல்லப் போவதில்லை என்று விமலா ஏறக்குறைய முடிவுகட்டிவிட்டாள்.

"பாப்பா" என்றாள் நவமணி. "அப்பா சிங்கப்பூர்ல இல்ல. மோட்டோவுல விழுந்து செத்துட்டாரு. அம்மா பொய் சொல்லிட்டேன்."

துளசி அழவில்லை. கையிலிருந்த களிமண்ணை உருட்டிக்கொண்டே இருந்தாள். நவமணி பல்லைக் காட்டிச் சிரித்தபடி, கண்ணீரைக் கீழே விழாமல் பிடித்து வைத்திருந்தாள். பிள்ளைக்கு முன்னால் அழக்கூடாது என்று வருஷம் முழுக்கப் பழகிய முகம் அது.

"அம்மா."

குரல் கரகரத்திருந்தது. விமலா அதற்குமுன் கேட்டறியாத குரல்.

"நான் ஸ்கூலுக்குப் போனப்புறம் அழாத" என்றாள் துளசி. "நான் இருக்கறப்பவே அழு."

நவமணி அழுதாள். அப்படி ஓர் அழுகையை அந்த அறை கேட்டதில்லை. மகள் மடியில் தலையைப் போட்டுக்கொண்டு, சேலை முழுக்க மணலாக, வாய்விட்டு அழுதாள். துளசி அம்மாவின் முதுகில் கையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

கீழே காத்திருந்த புவனேசனுக்குச் சத்தம் கேட்டிருக்கிறது. உள்ளே பிள்ளை இருக்கும்போது யாரும் கதவைத் திறக்கக் கூடாது என்று விமலா எத்தனை தடவை சொல்லியிருப்பாள்! மனிதர் தடதடவென்று படியேறி வந்து கதவைத் தள்ளித் திறந்தார். தங்கை கிடந்த கோலத்தைப் பார்த்தார். முகம் கோணியது. உடனே சமாளித்துக்கொண்டு துளசியைப் பார்த்துச் சிரித்தார்.

"என்னா பாப்பா, போவோமா? மாமா ஐஸ் கிரீம்..."

துளசி அவரை ஏற இறங்கப் பார்த்தாள்.

"மாமா, நீங்களுந்தான்" என்றாள்.

புவனேசன் கதவோரத்திலேயே தரையில் உட்கார்ந்து அழ ஆரம்பித்தார்.