கால் நீட்டி உட்கார்ந்தால் எட்டும் குழாய்

"சாமிகிட்ட போறதுன்னா குளிச்சிட்டுத்தானம்மா போவணும்? தம்பிய யாரு குளிப்பாட்டுனாங்க?"

எல்.கே.ஜி. படிக்கும் என் மகள் கேட்டாள். வல்லக்கோட்டை கோயிலுக்குக் கிளம்பும்போதெல்லாம் நான்தான் அவளிடம் குளிக்காமல் சாமியைப் பார்க்கக் கூடாது என்று சொல்லியிருக்கிறேன். தம்பி சாமியிடம் போய்விட்டான் என்று சொன்னதும் நான்தான். கேட்டுவிட்டு அவள் விளையாடப் போய்விட்டாள். எனக்குப் பதில் தெரியாது. தெரிந்தவர் என் கணவர். அவரிடம் நான் இன்னும் கேட்கவில்லை.

எங்களுடையது வல்லக்கோட்டைப் பக்கம் மனை வாங்கிக் கட்டிய சின்ன வீடு. அவருக்கு ஒரகடத்தில் வேலை. ஷிப்ட் முடிந்து கம்பெனி பஸ்ஸில் வருவார். கீசர் பின்பக்கக் குளியலறையில் இருக்கிறது. நான் இரண்டாவது முறை உண்டானதும், படுக்கையறையை ஒட்டிய குளியலறைக்கும் வெந்நீர் லைன் இழுக்க வேண்டும் என்று பிடிவாதமாக நின்றார். மகள் பிறந்தபோது பச்சை உடம்போடு நான் வெந்நீர் வாளியைத் தூக்கி நடந்ததை அவர் மறக்கவில்லை. குழந்தையைக் குளிப்பாட்டிவிடப் பெரியவர்கள் யாரும் எங்களோடு இல்லை.

பிளம்பர் வளைகிற பிளாஸ்டிக் பைப்பைச் சுருளாகக் கொண்டுவந்தார். சாதாரண பைப் என்றால் மூலைக்கு மூலை வெட்டி ஒட்ட வேண்டும். இது ஒரே துண்டாக வளைந்து போகும், சுவருக்குள் ஒட்டு இல்லாததால் கசியாது என்றார். ஆனால் விரிக்க விரிக்கத் திரும்பவும் சுருண்டுகொண்டது. வெயிலில் கொஞ்சம் இளகட்டும் என்று மொட்டை மாடியில் நீட்டிப் போட்டார். மகள் ஒரு முனையை என் வயிற்றில் வைத்து, மறுமுனையில் வாயை வைத்துக் கத்தினாள்: "தம்பி, உனக்கு சுடுதண்ணி வருது!" தம்பிதான் என்று அவளாகவே முடிவு செய்திருந்தாள்.

குழாயை எந்த உயரத்தில் வைப்பது என்று பேச்சு வந்தது. கைக்குழந்தையைக் கால்மேல் போட்டுத்தானே குளிப்பாட்டுவோம். உயரமாக இருந்தால் உட்கார்ந்தபடி எட்டாது. ரொம்பத் தாழ்ந்திருந்தால் குழந்தையின் தலையில் இடிக்கும். என் கணவர் லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு மணைப்பலகையில் உட்கார்ந்தார். காலை நீட்டி, மகளின் துணிப் பொம்மையை அதன்மேல் படுக்கவைத்தார்.

"இன்னா சார், நீங்கதான் குளிப்பாட்டப் போறீங்களா?" என்றார் பிளம்பர்.

"ஆமா. ஏன், நான் பண்ணக் கூடாதா?"

"அதுக்கில்ல சார். உங்க காலு ஆளுயரத்துக்கு நீட்டிகினு கீது. இந்த அளவுக்கு வெச்சா அக்காவுக்கு எட்டாது. யாரு காலுக்கு அளவு எடுக்கணும்னு வூட்ல பேசி முடிவு பண்ணுங்க."

"அவ தண்ணி சூடு பாத்து முடிக்கறதுக்குள்ள புள்ள தூங்கிடும்பா. என் காலுக்கே எடு."

நான் வாசற்படியில் நின்று வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தேன். பிளம்பர் சுவரில் பென்சிலால் கோடு போட்டார்.

மாதம் நிறையும் முன்பே பிறந்துவிட்டான். பையன்தான். ஆஸ்பத்திரியில் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்தார்கள். எடை ஏறும்வரை தண்ணீர் ஊற்றக் கூடாது, துடைத்துத்தான் விடுவோம் என்றார் நர்ஸ். எடை ஏறவே இல்லை. தையல் ஆறாமல் நான் வார்டில் படுத்திருந்தபோது என் கணவர் வந்து கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தார். பிள்ளை போய்விட்டான். வீட்டுக்குக் கொண்டுவர வேண்டாம் என்று சொந்தக்காரர்கள் சொன்னதால், அவரும் உடன் போக அங்கிருந்தே எடுத்துப்போய் அடக்கம் செய்தார்கள். மண்ணில் வைக்கும் முன் யாராவது அவன்மேல் இரண்டு சொம்பு வெந்நீர் ஊற்றினார்களா என்பதுதான் எனக்குத் தெரியவில்லை. நான் ஏதும் தப்பாகச் செய்துவிட்டேனா என்று டாக்டரிடம் கேட்டேன். இல்லை என்றார். மறுபடியும் கேட்டேன். மறுபடியும் இல்லை என்றார். இன்னொரு தரம் கேட்டிருக்கலாமோ என்று இப்போதும் தோன்றுகிறது.

இப்போது அந்தக் குழாய் மகளுக்குத்தான். பள்ளிவிட்டு வந்ததும் நின்றபடியே எட்டிக் குழாயைத் திறந்துவிட்டு, மணையில் உட்கார்ந்து, கால் நீட்டி, பொம்மையைக் குளிப்பாட்டுகிறாள். அதற்குத் தம்பி என்று பெயர் வைத்திருக்கிறாள். கீசரை அணைத்துவைத்துவிட்டுப் பக்கத்திலேயே நிற்பேன். வேண்டாம் என்று சொல்ல வாய் வருவதில்லை.

பார்க்க வந்த நாத்தனார், அவருடைய அக்கா, பதறிவிட்டார். "இன்னாம்மா இது, பொம்மைய கால்ல போட்டுகினு தலைக்கு ஊத்திகினு கீது கொயந்த! மொதல்ல அந்தக் கொயாய எடுக்கச் சொல்லு."

"வெளையாடுறா அண்ணி."

"வெளையாட வேற பொருளே இல்லியா வூட்ல?"

அதற்கடுத்த வாரம், என் கணவர் ஷிப்ட் முடிந்து உள்ளே வரும்போது தண்ணீர்ச் சத்தம் கேட்டு அங்கே போனார். "அப்பா, தம்பிக்குத் தலை நிக்கவே மாட்டேங்குது" என்றாள் மகள். கம்பெனி யூனிபார்மோடு ஈரத்தரையில் உட்கார்ந்து காலை நீட்டினார். பொம்மையை வாங்கிப் படுக்கவைத்தார். "கழுத்துக்கு அடியில கை குடுக்கணும் கண்ணு. இப்டி. மூக்குல தண்ணி போவக் கூடாது, நெத்தியில கைய அணையா வெச்சுக்கோ." தண்ணீரை மணிக்கட்டில் விட்டுப் பார்த்துத்தான் ஊற்றினார். மகள் கைக்குழந்தையாக இருந்தபோது அவர் ஒருநாளும் குளிப்பாட்டியதில்லை, எல்லாம் நான்தான். இதையெல்லாம் எங்கே தெரிந்துகொண்டார்? நான் கதவோரம் நின்றிருந்தேன். அவர் முகம் சுவர்ப் பக்கம் திரும்பியிருந்தது, தோள் மட்டும் குலுங்கியது.

சாப்பிடும்போது தட்டைப் பார்த்தபடியே சொன்னார்: "பிளம்பர்கிட்ட பேசிட்டேன். அந்த லைன மூடிடலாம்."

"எதுக்குங்க?"

"உனக்குக் கஷ்டமா கீதுன்னு அக்கா சொல்லிச்சு."

"எனக்கு இல்லைங்க."

"அப்ப எனக்குன்னு வெச்சுக்கோ."

சுவரை உடைக்க வேண்டியதில்லையாம். குழாயைக் கழற்றி, பைப்பின் வாயை மூடினால் போதும், பைப் உள்ளேயே இருந்துவிடும் என்கிறார் பிளம்பர். அடுத்த வாரம் வருவதாகச் சொல்லியிருக்கிறார்.

மூடினால் மகள் ஏன் என்று கேட்பாள்; அவளுக்கென்று தம்பி அங்கே மட்டும்தான் இருக்கிறான். மூடாவிட்டால் ஒவ்வொரு ஷிப்ட் முடிந்தும் அவர் அந்தச் சத்தத்துக்குள்தான் வர வேண்டும். பிள்ளையைப் பறிகொடுத்தவர்கள், அதற்குப் பிறகும் இன்னொரு பிள்ளையை வளர்த்தவர்கள் யாராவது இதைப் படித்தால் எனக்கு எழுதுங்கள். பிளம்பரை வரச் சொல்லவா, வேண்டாம் என்று சொல்லவா? எதைச் செய்தாலும் அவளிடம் எப்படிச் சொல்வது என்பதையும் சேர்த்து எழுதுங்கள்.