ஒற்றை நாற்காலி

லிஃப்ட் மெக்கானிக்குக்குப் படங்களின் பின்னணி இசை என்றால் உயிர். ஒலி துளிகூடக் குறையாத பதிவு, அறையைச் சுற்றி ஆறு ஸ்பீக்கர், நட்டநடுவில் ஒற்றை நாற்காலி. "இங்க உட்கார்ந்தாதான் எல்லாம் ஒண்ணா வந்து சேரும்" என்று டேப் வைத்து அளந்து போட்ட மகானுபாவர் அவர். மனைவிக்குப் பின்சுவர் ஓரம், ஸ்பீக்கருக்கு அடியில் ஒரு ஸ்டூல்.

"எப்படி இருக்கு?" என்பார்.

"நல்லா இருக்குங்க." இருபது வருஷமாக அதே பதில்.

அவள் இறந்து மூன்று மாதம் கழித்து, முதல்முறையாக அந்த ஸ்டூலில் உட்கார்ந்து கேட்டார். காதருகே வெறும் எதிரொலி இரைந்தது. வயலின் எங்கோ முன்னால் முனகியது. மெட்டு வந்து சேரவே இல்லை. எதிரே அவருடைய நாற்காலியின் முதுகு.

"எந்திரிங்கன்னு ஒரு தடவை சொல்லித் தொலைச்சிருக்கக் கூடாதாடி?" என்றார்.