அரியர்ஸ் வரட்டும்

அண்ணனின் கருமாதி முடிந்து, ராகலையிலிருந்து நுவரெலியா போகும் வீதியில் நடந்துகொண்டிருந்தேன். நான் ஏழாம் வகுப்போடு படிப்பை விட்டுவிட்டு, ஊர் ஊராகப் போய் வேலை செய்பவன். அண்ணன் அப்படியல்ல, தபால் கந்தோரில் நிரந்தர ஊழியர்.

இரண்டு மாதத்துக்கு முன் அவருக்குப் பதவி உயர்வு வந்தது. பல வருடங்களுக்கு முன்பே உயர்வு கிடைத்ததாகக் கணக்கிட்டு, அரியர்ஸ் என்று நிலுவைச் சம்பளமும் தருவதாகச் சொன்னார்கள். பதவி உயர்ந்தவர் கந்தோரில் எல்லோருக்கும் சாப்பாடு போடுவது அங்கே வழக்கம். நெஞ்சுவலிக்குக் கண்டியில் காட்டுவதற்காக வைத்திருந்த காசில் அண்ணன் புரியாணி வாங்கினார்.

"வலிய வச்சிக்கிட்டு விருந்து எதுக்குண்ணே?" என்றேன்.

"நாடோடிப் பயலே, ஒனக்கு என்னடா தெரியும்? அரியர்ஸ் வரட்டும், பெரிய டாக்டர்கிட்டயே காட்டுறேன்" என்று சிரித்தார்.

அரியர்ஸ் வருவதற்குள், தபால் பையோடு தேயிலைத் தொழிலாளர்களின் லயத்து வீடுகளுக்கு ஏறும்போது அண்ணன் விழுந்தார். பிறகு எழவேயில்லை.

கருமாதிக்கு வந்த கந்தோர்க்காரர்கள், பணம் வந்துவிட்டது என்று அண்ணியிடம் மெதுவாகச் சொன்னார்கள். அண்ணி பந்தியைக் காட்டி, "எல்லாரும் சாப்பிட்டுட்டுப் போங்க" என்றார். அதற்குமேல் என்னால் அங்கே இருக்க முடியவில்லை.

மறுநாள் காலை கந்தப்பளையில் ஒரு மரக்கறித் தோட்டத்தில் வேலை கேட்டேன். மாதக் கடைசியில் மொத்தமாக வாங்கினால் கூடுதலாகத் தருவதாக முதலாளி சொன்னார். முன்பென்றால் சரி என்றிருப்பேன்.

"வேணாங்கய்யா. இன்னக்கிச் சம்பளத்த இன்னக்கே குடுத்துருங்க" என்று சொல்லிவிட்டு, லீக்ஸ் பாத்தியில் இறங்கினேன்.