கோர்ட் கலையும் வரை

அக்கா என்றுதான் அவளைக் கூப்பிடுவேன். சொந்த அக்கா இல்லை. அவள் திருநெல்வேலிப் பக்கம், நான் சிவகங்கைப் பக்கம். ஸ்ரீபெரும்புதூரில் செல்போன் பாகங்கள் செய்யும் கம்பெனி ஒன்றில் இரண்டு பேருக்கும் ஒரே லைன். மண்ணூரில் ஒரே வாடகை அறை. நான் சேர்ந்த புதிதில், ஷிப்ட் முழுக்க நின்று கால் வீங்கி அழுதுகொண்டிருந்தேன். வெந்நீரில் உப்புப் போட்டு என் காலை அதில் இறக்கி, "இதுக்கெல்லாம் அழுதா ஊருக்குத்தாம்ட்டி போணும்" என்று திட்டிக்கொண்டே தேய்த்துவிட்டாள். அவளுக்குக் கோபமும் பாசமும் ஒரே வேகத்தில் வரும்.

எங்கள் லைனில் உள்ளூர்க்காரன் ஒருவன் இருந்தான். அக்காவிடம் வந்து கட்டிக்கொள்ளக் கேட்டான். ஊரில் மாப்பிள்ளை பேசி முடித்திருக்கிறது என்று சொல்லி அவள் மறுத்துவிட்டாள். அவன் எப்படியோ அவள் வீட்டு நம்பரைப் பிடித்து, உங்கள் பெண் இங்கே ஒருத்தனோடு குடித்தனம் நடத்துகிறாள் என்று அவள் அம்மாவிடம் சொல்லிவிட்டான். கல்யாணம் நின்றுபோனது. போன் பண்ணியது யாரென்று அக்காவுக்கு உடனே தெரிந்துவிட்டது. நாலு நாள் அவனோடு ஒரே லைனில் நின்றாள். ஒரு வார்த்தை பேசவில்லை.

அதற்கடுத்த நாள் சாயங்காலம் சுங்குவார்சத்திரத்தில் பஸ்ஸுக்காக நின்றிருந்தோம். டீக்கடையிலிருந்து வந்த அவன் எங்களைப் பார்த்துச் சிரித்தான்.

"இன்னா, உங்கம்மா ரொம்ப அழுதுதா?"

கேட்டுவிட்டு நடையைக் கட்டினான். நான்தான் ஓடிப்போய் அவன் சட்டையைப் பிடித்தேன். "மன்னிப்புக் கேட்டுட்டுப் போ" என்றேன். அவன் என்னை உதறப் பார்த்தான். அதற்குள் என் காதை உரசிக்கொண்டு ஏதோ போயிற்று. அக்கா ஓங்கி வீசிய எவர்சில்வர் சாப்பாட்டு கேரியர். அவன் வாயைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்துவிட்டான். முன்பல் ஒன்று உடைந்திருந்தது.

பல் உடைந்தால் சட்டத்தில் அது கொடுங்காயமாம். போலீஸ் ஸ்டேஷனில்தான் தெரிந்துகொண்டோம். ஒருத்தி பிடித்துக்கொள்ள ஒருத்தி அடித்தாள், இரண்டு பேரும் பேசி வைத்துச் செய்தார்கள் என்று வழக்கு. கம்பெனி இருவரையும் வேலையை விட்டு நிறுத்தியது.

எங்கள் வீட்டுக்காரம்மாவுக்கு அவன் தூரத்துச் சொந்தம். அவர் தேடி வந்தபோது, அறையைக் காலி பண்ணச் சொல்லப் போகிறார் என்றே நினைத்தேன்.

"அவன் வாய்க்கு என்னிக்காவது அடி விழும்னு எனுக்குத் தெரியும்" என்றார். பிறகு அக்காவைப் பார்த்து, "அதுக்குன்னு பல்லு போற மாதிரியாடி அடிப்பே?" என்று சத்தம் போட்டார். எங்களுக்கு ஜாமீன் நின்றதும் அவர்தான்.

விசாரணை நடந்தபோது ஊரிலிருந்து என் அண்ணன் வந்தான். "அவ அடிக்கப் போறேன்னு முன்னாடியே சொன்னா, பயந்துக்கிட்டுப் பிடிச்சேன்னு சொல்லிரு. உன்னைய விட்டுருவாங்க" என்றான். அக்கா அங்கேயே உட்கார்ந்திருந்தாள். அவன் போனதும், "அண்ணன் சொல்லுதது சரிதானட்டி. அப்படியே சொல்லு. நான் ஒண்ணும் நெனைக்க மாட்டேன்" என்றாள்.

"நெனைக்க மாட்டேன்னு தெரியும்க்கா. ஆனா நீ அப்படிச் சொல்லவே இல்லையே."

அவள் எழுந்துபோய்ச் சீப்பை எடுத்து வந்தாள். "சரி, வா, தலையப் பின்னி விடுதேன்" என்றாள். அன்றைக்குப் பின்னல் வலிக்கிற அளவுக்கு இறுக்கமாக இருந்தது.

கீழ்க்கோர்ட்டில் இருவருக்கும் ஆறு மாதம் சிறை என்றார்கள். அப்பீல் முடியும்வரை தண்டனையை நிறுத்தி வைத்தார்கள். இலவச சட்ட உதவியில் எங்களுக்கு ஒரு வக்கீலம்மா கிடைத்தார். அவர் நேராகவே சொன்னார்: "போன் விஷயம் அடிக்கறதுக்கு நாலு நாள் முன்னாடியே உங்களுக்குத் தெரியும். அதைத்தான் அவங்க பிடிச்சுக்குவாங்க. மனசுல வச்சிருந்து அடிச்சா அது ஆத்திரம் இல்ல, திட்டம்."

"நாலு நாளும் பொறுத்துக்கிட்டுத்தானே இருந்தேன் மேடம்" என்றாள் அக்கா. "அம்மா அழுதாளான்னு சிரிச்சுக்கிட்டே கேட்டான் பாருங்க, அதுதான் தாங்கல."

அப்பீலில் அரசு வக்கீல், இவள் பிடிக்காமல் அவள் எப்படி அடித்திருக்க முடியும் என்று வாதாடினார். எங்கள் வக்கீலம்மா, அடிபட்டவனே கீழ்க்கோர்ட்டில் சொன்னதைப் படித்துக் காட்டினார். தான் அப்படிக் கேட்டதையும், சட்டையைப் பிடித்தவள் மன்னிப்புக் கேட்கச் சொன்னதையும் அவன் ஒப்புக்கொண்டிருந்தான். ஏன் உண்மையைச் சொன்னான் என்று எனக்கு இன்றுவரை தெரியாது. ஆனால் அதற்குப் பிறகு அவன்மேல் எனக்குப் பழைய கோபம் இல்லை.

தீர்ப்பன்று வீட்டுக்காரம்மாவும் எங்களோடு பஸ் ஏறி வந்தார். மன்னிப்புக் கேட்க வைப்பதற்காகப் பிடித்தவளுக்கு, அடிக்கும் எண்ணத்தில் பங்கு இல்லை என்று சொல்லி நீதிபதி என்னை விடுதலை செய்தார். அக்கா அந்த நேரத்துச் சொல்லால் தூண்டப்பட்டுத்தான் அடித்திருக்கிறாள், ஆனாலும் அடித்தது அடித்ததுதான் என்றார். அவளுக்குக் கொஞ்சம் அபராதமும், கோர்ட் கலையும் வரை சிறையும். அன்றைய வேலை முடிந்து நீதிபதி எழுந்து போகும்வரை அவள் அந்த ஹாலை விட்டு வெளியே போகக் கூடாது, அவ்வளவுதான்.

பின்வரிசை பெஞ்சில் அவள் பக்கத்தில் நானும் உட்கார்ந்தேன். கோர்ட் ஊழியர் வந்து குனிந்து, "உனக்குத்தான் விடுதலை ஆயிடுச்சேம்மா, நீ போலாம்" என்றார்.

"அக்கா வரட்டும் சார்."

"அதுக்குச் சாயங்காலம் ஆவும்."

"ஆகட்டும் சார்."

நிலத் தகராறு, லாரி விபத்து என்று யார் யாருடைய வழக்கோ நடந்துகொண்டே இருந்தது. மத்தியானத்துக்கு மேல் அக்கா என் தோளில் சாய்ந்து தூங்கிப்போனாள். கோர்ட்டில் தூங்கினால் தண்டனையைக் கூட்டிவிடுவார்களோ என்று எனக்குப் பயம். நீதிபதி ஒருமுறை எங்கள் பக்கம் பார்த்தார். பிறகு அடுத்த வழக்கைக் கூப்பிடச் சொன்னார்.

எல்லோரும் எழுந்து நின்றபோதுதான் அவளை உலுக்கினேன்.

"முடிஞ்சிட்டாட்டி?"

"முடிஞ்சிருச்சுக்கா."

வாசலில் காத்திருந்த வீட்டுக்காரம்மா, அவள் கன்னத்தில் என் துப்பட்டா ஜரிகை பதிந்திருந்ததைப் பார்த்துவிட்டார். "இன்னாடி, ஜெயில்ல நல்லாத் தூங்கினியா?" என்றார். அக்கா சிரிக்க ஆரம்பித்து, நிறுத்த முடியாமல் கோர்ட் படியிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

அப்புறம் ஒரகடத்தில் கார் சீட்டுக்கு உறை தைக்கும் சின்ன கம்பெனியில் சேர்ந்தோம். அங்கேதான் ஒருவர் அக்காவைப் பெண் கேட்டார். வழக்கைப் பற்றி அவள் ஒன்று விடாமல் சொல்லியிருக்கிறாள். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "உங்க அம்மாவப் பாக்க எப்ப வரட்டும்?" என்றாராம்.