செஞ்சிக் கோட்டையின் மரப்பாலம்

மகளிர் குழுவில் செஞ்சிக் கோட்டைக்கு வேன் பிடித்தபோது, எனக்கு மலையும் வேண்டாம் மண்ணாங்கட்டியும் வேண்டாம் என்றுதான் சொன்னேன். என் கணவர் பழவேற்காட்டிலிருந்து கடலுக்குப் போய்த் திரும்பாமல் ஒரு வருஷம் தாண்டியிருந்தது. உடம்பு கரைசேராததால் வீட்டில் காரியம் செய்யவில்லை. நான் தாலியைக் கழற்றவில்லை, பூ வைப்பதையும் விடவில்லை. ஊரில் யாராவது முணுமுணுத்தால் சண்டைக்குப் போய்விடுவேன்.

அவருடைய தங்கைதான் விடாப்பிடியாக நின்றாள். "வா அண்ணி, ஊட்லயே குந்திக்கினு இன்னா பண்ணப்போற? அம்மாம் ஒயரமாம், மேலேர்ந்து பாத்தா ஒலகமே தெரியுமாம்."

அந்த ஒரு வார்த்தைக்காகத்தான் வேனில் ஏறினேன்.

கல்யாண மகால், நெற்களஞ்சியம், யானைக்குளம் என்று வழிகாட்டி ஒவ்வொன்றாகக் காட்டினார். மூன்று மலைகளை ஒரே மதில் வளைத்து நிற்கிறதாம். மராட்டியர், மொகலாயர், பிரெஞ்சுக்காரர் என்று ஒருவர் மாற்றி ஒருவர் பிடித்த கதையையும் சொன்னார். எனக்கு எதுவும் காதில் ஏறவில்லை. ராஜகிரிப் படிகளில் எல்லோருக்கும் முன்னால் மூச்சிரைக்க ஏறினேன். எங்கள் ஆட்கள் கடலிலிருந்து திரும்பும்போது வள்ளூர் அனல்மின் நிலையத்துப் புகைபோக்கியைத்தான் அடையாளம் பார்ப்பார்கள். அதுவாவது, ஒரு கீற்றுக் கடலாவது கண்ணில் படாதா என்று ஒரு பைத்தியக்கார ஆசை.

உச்சியில் சுற்றிச் சுற்றி வந்தேன். பாறையும் வயலும் ஏரியும்தான். கடல் எந்தப் பக்கம் என்று கேட்டேன்.

"இங்கேர்ந்து கடல் தெரியாதும்மா" என்றார் வழிகாட்டி.

ஐயோ, அத்தனை பேர் நடுவில் அழுதுவிட்டேன்.

இறங்கும் வழியில், பாறை பிளந்து கிடந்த ஆழமான பள்ளத்தின் மேல் ஒரு பாலம். வழிகாட்டி அங்கே நிறுத்தினார். "அந்தக் காலத்துல இது மரப்பாலம். எதிரி வந்தா உள்ள இழுத்துக்குவாங்க. அப்புறம் ஒருத்தன் வர முடியாது."

"நம்மாளு வெளிய மாட்டிக்கினு இருந்தா?" என்றேன்.

"கொஞ்ச நேரம் பாப்பாங்கம்மா. அப்புறம் இழுத்துத்தான் ஆகணும். உள்ள இருக்கிறவங்க பொழைக்கணுமே."

பாவம், அவருக்கு என் கதை தெரியாது. நாத்தனார் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். கைப்பிடியைப் பிடித்தபடி வெகுநேரம் நின்றேன். பிறகு அவள் தோளைத் தொட்டு, "ஊட்டுக்குப் போனதும் உங்க அண்ணனுக்குக் காரியத்த பண்ணிடலான்டி" என்றேன்.

அவள் அப்படியே பாறைமேல் உட்கார்ந்து கதறினாள். "நீ சொல்லணும்னுதான் அண்ணி காத்துக்கினு இருந்தோம். உனக்குப் பயந்துக்கினு எங்கம்மா இன்னும் புள்ளைக்காக ஒரு வாட்டிகூட அழல."