விளக்கை நகர்த்தியவர்

போலந்து ஒளிப்பதிவாளர் ஒருவரின் படங்களை அரியாலையில் திரையிட்டார்கள். ஒரேயொரு விளக்கு வைத்து, பாதி முகத்தை இருளில் விடுவதுதான் வாழ்நாள் முழுவதும் அவருடைய பாணியாம். அதற்கு விருதுகளும் கொடுத்திருக்கிறார்கள்.

திரையில் எரிந்த விளக்கில் எனக்கு மண்ணெண்ணெய் மணத்தது. சின்ன வயதில் ஒருநாள் தங்கச்சிக்கு நெருப்புக்காய்ச்சல் முற்றியிருந்தது. அம்புலன்ஸ் வருவதற்கு ஊர் அதிகாரியான விதானையார் சொல்லவேண்டும் என்பது விதி. விதானையார் கலியாணவீட்டுப் பந்தியில் இருந்தார். ஆள் அனுப்பிவிட்டுக் காத்திருந்தோம். ஐயா, அதுதான் எங்கள் தகப்பனார், விளக்கோடு குனிந்து பார்த்தார். தங்கச்சிக்கு மூச்சில்லை. அவர் விளக்கை மெல்லச் சுவரோரம் நகர்த்தினார்.

"இஞ்சாருங்கோ, விளக்கைக் கிட்டக் கொண்டுவாங்கோ. பிள்ளையின்ரை முகம் தெரியேல்லை" என்றார் அம்மா.

"வேண்டாமப்பா. இப்பதான் நித்திரை கொள்ளுறாள்" என்றார் ஐயா.

அம்மா நம்பினார். பனையோலை விசிறியை எடுத்து, சத்தம் வராமல் விசிறத் தொடங்கினார்.